மூன்று முடிப் பையன்

குழந்தைகளே, தலையில் மூன்றே மூன்று முடி உள்ள பையனைப் பார்த்திருக்கிறீர்களா? சீனப் படக்கதை நாயகன் சன்மாவ்தான் அவன். அந்தப் பெயருக்கே 'மூன்று முடி' என்றுதான் பொருள்! ஓவியர் ஜாங் லெபிங் வரைந்த அந்தக் கதையில் பெரும்பாலும் பேச்சே கிடையாது.

பேசாத பையனை 1949-இல் திரையில் பேச வைத்தவர் யாங் ஹான்ஷெங். முந்தின ஆண்டுதான், சிறு வீட்டில் மாமியாரும் மருமகளும் படும் பாட்டை இன்னொருவருடன் சேர்ந்து திரைக்கதையாக்கியிருந்தார். பிற்காலத்தில் சிறைவாசமும் அனுபவித்தவர். 90 வயது வாழ்ந்தார்.

சன்மாவ், ஷாங்காய் தெருவில் திரியும் அநாதை. பசி தாங்காமல் சுவரொட்டி ஒட்டும் பசையைத் தின்கிறான்! ஆனால் யாங் அவனை அழுமூஞ்சியாக எழுதவில்லை. பணக்கார அம்மாள் ஒருத்தி அவனை வளர்க்க அழைத்துப் போய்ப் பகட்டாக உடுத்தி விடுகிறாள். விருந்து நாளில் அவன் என்ன செய்தான் தெரியுமா? தெருத் தோழர்களை உள்ளே விட்டான். பிறகு அந்த வீட்டையே விட்டு அவர்களோடு ஓடிவிட்டான். வெளியே மறுபடியும் பசிதான், தெரிந்தேதான் போனான்.