மெசியர் பொருட்கள்

மெசியர் பொருட்கள் என்பன பிரான்சிய வானியலாளர் சார்லசு மெசியர் (1730 – 1817) தொடங்கிய பட்டியலில் இடம்பெறும் 110 விண்பொருட்கள் ஆகும். விண்மீன் கொத்தணிகள், நெபுலாக்கள், பேரடைகள் ஆகியன இவற்றுள் அடங்கும்.

மெசியர் வால்வெள்ளிகளைத் தேடுவதில் ஈடுபட்டிருந்தார். 1758 ஆம் ஆண்டில் இடப விண்மீன் குழுவில் வால்வெள்ளி போன்ற மங்கலான ஒளித்திட்டு ஒன்றைக் கண்டார். வால்வெள்ளியாயின் விண்மீன்களுக்கிடையே நாள்தோறும் இடம்பெயர வேண்டும், இத்திட்டு நகரவில்லை. இத்தகைய பொருட்களை வால்வெள்ளி எனத் தவறாகக் கருதாதிருக்கவே அவர் பட்டியலிடத் தொடங்கினார். 1774 இல் வெளியான முதற் பட்டியலில் 45 பொருட்களும், 1781 இல் வெளியானதில் 103 பொருட்களும் இருந்தன. எஞ்சியவை 20 ஆம் நூற்றாண்டில் சேர்க்கப்பட்டன.

மெசியர் முதலில் குறித்த ஒளித்திட்டு, 1054 இல் சீனர் பதிவுசெய்த விண்மீன் வெடிப்பின் எச்சமான நண்டு நெபுலா ஆகும். பட்டியலின் 31 ஆம் பொருளான அந்திரொமேடா, பால் வழிக்கு அப்பாலுள்ள தனிப் பேரடை என்பதை 1920களில் எட்வின் ஹபிள் நிறுவினார். 45 ஆம் பொருள் கார்த்திகை விண்மீன் கூட்டமாகும். வால்வெள்ளி தேடுவோர் விலக்குவதற்கெனத் தொகுக்கப்பட்ட இப்பொருட்களையே இன்று சிறு தொலைநோக்கி வைத்திருப்போர் விரும்பித் தேடுகின்றனர்.