கலவரமா, படுகொலையா?

நடந்த ஓர் அநீதியைத் தவறான ஒரு சொல் எத்தனை ஆண்டுகள் மூடிவைக்கும்? அமெரிக்காவின் ஒக்லகோமா மாநிலத்திலுள்ள துல்சா நகரின் வரலாறு இதற்கு விடை தருகிறது.

அந்நகரின் கிரீன்வுட் பகுதியில் கறுப்பின மக்கள் வாழ்ந்தனர். நிறவேற்றுமைச் சட்டங்கள் அவர்களை ஒதுக்கிவைத்த காலம் அது. ஆகவே, கடைகள், தங்கும் விடுதிகள், திரையரங்குகள், செய்தித்தாள்கள், ஆலயங்கள் என அனைத்தையும் தங்கள் உழைப்பாலேயே உருவாக்கிக்கொண்டனர். 'கறுப்பினத்தவரின் வால் ஸ்ட்ரீட்' என்று புகழப்படும் அளவுக்கு அப்பகுதி செழித்தது.

1921ஆம் ஆண்டு மே மாதத்தின் இறுதியில், மின்தூக்கியில் ஒரு வெள்ளையினப் பெண்ணைத் தாக்கியதாகக் குற்றம் சாட்டப்பட்டு, கறுப்பின இளைஞர் ஒருவர் கைதானார். மே 31 மாலை, நீதிமன்றத்தின் முன் வெள்ளையினத்தவர் கும்பலாகத் திரண்டனர். இளைஞரைக் காக்கக் கறுப்பினத்தவர் சிலரும் அங்கே வந்தனர். துப்பாக்கி வெடித்தது. மறுநாள் விடியலில் ஆயுதம் ஏந்திய கும்பல் கிரீன்வுட்டுக்குள் புகுந்து, கொள்ளையடித்து, தீயிட்டது. ஏறத்தாழ 35 தெருத்தொகுதிகள் சாம்பலாயின. 1,200க்கும் மேற்பட்ட வீடுகள் எரிந்தன. புதிதாகக் கட்டப்பட்டிருந்த சீயோன் மலை பாப்டிஸ்ட் ஆலயமும் தப்பவில்லை. இறந்தோர் 300 பேர் வரை இருக்கலாம் என்பது வரலாற்று ஆய்வாளர்களின் கணிப்பு. அந்த இளைஞர்மீதான வழக்கோ பின்னர் கைவிடப்பட்டது.

இத்தனையும் 'கலவரம்' என்றே பதிவானது. இரு தரப்பும் மோதிக்கொண்டதைப்போல ஒலிக்கும் இச்சொல், தாக்கியவரையும் தாக்கப்பட்டவரையும் ஒரே தட்டில் வைத்தது. கலவரச் சேதத்திற்கு இழப்பீடு இல்லை என்ற விதியைக் காட்டி, காப்பீட்டு நிறுவனங்களும் கைவிரித்தன. கொலைக்கும் தீவைப்புக்கும் ஒருவர்கூடத் தண்டிக்கப்படவில்லை. பள்ளிப் பாடங்களிலும் பல பத்தாண்டுகள் இது இடம்பெறவில்லை.

ஆயினும் மக்கள் சோர்ந்துவிடவில்லை. மீண்டும் கட்டுவதைத் தடுக்க நகர நிர்வாகம் கொண்டுவந்த விதியை எதிர்த்து, கூடாரத்தில் அலுவலகம் அமைத்து வாதாடி வென்றார் வழக்கறிஞர் பி.சி. ஃபிராங்க்ளின். கிரீன்வுட் மீண்டும் எழுந்தது. மாநில அரசு அமைத்த விசாரணைக்குழு 2001இல் அறிக்கை அளித்தது. 2020இல் ஓக்லான் கல்லறைத் தோட்டத்தில், பெயரின்றிப் புதைக்கப்பட்டோரைத் தேடித் தோண்டும் பணி தொடங்கியது. இன்று அந்நிகழ்வைப் 'படுகொலை' என்றே அழைக்கின்றனர்.

சொல்லை மாற்றியதால் இறந்தவர் எழுந்துவிடவில்லை. எரிந்த வீடுகளுக்கு ஈடும் கிடைத்துவிடவில்லை. ஆனால், அநீதியை அதன் உண்மைப் பெயரால் அழைக்காதவரை, நீதி கேட்பவரின் குரல் எவர் காதிலும் விழாது. வலியவர் ஒருவர் எளியவரை அடித்த செய்தி நம் செவிக்கு எட்டும்போது, 'இரு தரப்பினரிடையே தகராறு' என்று சொல்லிக் கடந்துபோகாதிருப்போம்.