உங்களுக்குத் தெரியுமா? வேலித் தகராறுக்கு ரிட் உதவாது!

பக்கத்து நிலத்துக்காரர் ராத்திரியோடு ராத்திரியாகக் கல்லுக்கால் நட்டு முள்கம்பி இழுத்துவிட்டார். நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டால்? பெரும்பாலும் தள்ளுபடிதான். அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவு, தனியார் இருவரின் சொத்துத் தகராறைத் தீர்க்கும் வழியல்ல என்று உச்ச நீதிமன்றம் 1992-லேயே சொல்லிவிட்டது. பட்டா, அடங்கல், சாட்சி, குறுக்கு விசாரணை எல்லாம் சிவில் கோர்ட்டில்தான்.

பலர் கோட்டைவிடுவது 1963-ஆம் ஆண்டுக் குறித்தவகைத் தீர்வழிச் சட்டத்தின் 6-வது பிரிவை. அனுபவத்தில் இருந்தவரைச் சட்ட நடைமுறையின்றி வெளியேற்றினால், 6 மாதத்துக்குள் அவர் வழக்குப் போடலாம். பத்திரம் யார் பேரில் என்ற வாதம் அங்கே எடுபடாது. மேல்முறையீடும் கிடையாது!

அரசுக்கு எதிராக மட்டும் இந்தப் பிரிவு செல்லாது. நோட்டீஸே கொடுக்காமல் அதிகாரிகள் இடித்துத் தள்ளினால், அப்போது ரிட்டுக்கு வேலை வரும்.