குறைவின்றிக் குறுக்குதல்

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் ப்ளூஸ், ராக், நாட்டுப்புறப் பாட்டு ஆகியவை கலந்து வளர்ந்த இசைக்குச் 'சதர்ன் ராக்' என்று பெயர். அதன் முன்னோடிகளுள் ஒன்று, 1969-இல் ஃபுளோரிடாவில் தோன்றிய ஆல்மன் பிரதர்ஸ் குழு. இரண்டு கிட்டார், இரண்டு டிரம். மேடையில் ஒரே பாட்டு இருபது நிமிடத்துக்கு மேலும் விரியும். 1971 மார்ச்சில், நியூயார்க்கின் ஃபில்மோர் ஈஸ்ட் அரங்கில் அவர்கள் வாசித்ததை இசைத்தட்டாகத் தயாரித்தவர் டாம் டவுட். அவர் இளமையில் கொலம்பியாப் பல்கலைக்கழகத்தில் பௌதிக ஆராய்ச்சியில் பணி புரிந்தவர் என்பது நம்மவர்க்குச் சுவையான செய்தி.

அவ்விசையை எண்களாக்குவது எப்படி? சி.டி. முறையில், இடம் வலம் ஒவ்வொன்றுக்கும் விநாடிக்கு 44,100 முறை ஒலியலையை அளந்து, ஒவ்வோர் அளவையும் 16 பிட்டில் எழுதுகிறார்கள். ஆக, விநாடிக்கு 14,11,200 பிட். அத்தட்டிலுள்ள 'விப்பிங் போஸ்ட்' சுமார் 23 நிமிடம். அதற்கு மட்டும் ஏறக்குறைய 243 மெகாபைட் இடம் வேண்டும்!

இதைச் சுருக்க இரு வழிகள் உண்டு. பேரொலியின் அருகே எழும் சிற்றொலி நம் செவிக்கு எட்டுவதில்லை. எட்டாது என்று கணித்ததைத் தள்ளிவிடுவது எம்.பி.-3. விநாடிக்கு 1,28,000 பிட் என்று இறுக்கினால் மூலத்தில் பதினொன்றில் ஒரு பங்கே மிஞ்சும். டிரம்மோடு சேர்ந்த வெண்கலத் தட்டுகளின் ஒலி அப்போது எளிதில் மழுங்கும்.

2001-இல் வெளிவந்த ஃபிளாக் முறை எதையும் தள்ளுவதில்லை. வீட்டில் பால் கணக்கு எழுதுவதைப் பார்த்திருப்பீர்கள். தினம் ஒரு லிட்டர் என்பதை யாரும் எழுதுவதில்லை. கூடின நாளையும் குறைந்த நாளையும் மட்டுமே நாட்காட்டியில் குறிப்பார்கள். மாத முடிவில் கணக்கு ஒரு பைசாவும் பிசகாது. ஃபிளாக்கும் அப்படியே. 100, 110, 120 என்று அலை ஏறினால் அடுத்தது 130 என்று ஊகிக்கிறது. உண்மையில் 132 எனில், வேறுபாடான 2-ஐ மட்டும் எழுதுகிறது. கோப்பு கணிசமாகச் சுருங்கும். விரித்தாலோ ஒரு பிட்டும் மாறாது.

தாராளமாகப் பிட் ஒதுக்கிய எம்.பி.-3-க்கும் இதற்கும் வேறுபாடு நம்மில் பலருக்குத் தெரியாது என்பது மெய்யே. ஆனால் கேட்பது வேறு, காப்பது வேறு. எம்.பி.-3-ஐ மறுபடி சுருக்கினால் மேலும் தேயும். ஃபிளாக்காக மாற்றினாலும் போனது மீளாது. ஆகவே, நண்பர்களே, மூலத்தை ஃபிளாக்கில் வையுங்கள். பயணத்துக்கு வேண்டிய சிறு பிரதியை அதிலிருந்து எடுங்கள்.

அந்தத் தட்டு 1971 ஜூலையில் வெளிவந்தது. அக்டோபர் 29-இல், குழுவின் கிட்டார் கலைஞர் டுவேன் ஆல்மன் மோட்டார் சைக்கிள் விபத்தில் மாண்டார். அப்போது அவருக்கு வயது 24. நம்மில் பலருக்கு ஏறத்தாழ அதே வயதுதான். இனி அவர் வாசிக்கப் போவதில்லை. வாசித்தவரையிலாவது குறையாமல் இருக்கட்டும்.