பக்கம் அப்படியே இருக்கு, எண் மட்டும் மாறுது... எப்படி?

2021 மே 2, சட்டமன்றத் தேர்தல் வாக்கு எண்ணிக்கை நாள். நெய்வேலி தொகுதியில் பாமகவை முந்தி திமுக ஜெயித்தது வெறும் 977 வாக்குகளில். பக்கத்துத் தொகுதியான விருத்தாசலத்தில் காங்கிரஸ் வென்ற வித்தியாசம் 862 தான்.

இப்படிப்பட்ட போட்டியை போனில் பார்த்தால் ரிஃப்ரெஷ் பட்டனைத் தட்டித் தட்டியே விரல் தேய்ந்துவிடும். ஆனால் பல தளங்களில் அந்த வேலையே தேவையில்லை. தலைப்பு, படம், விளம்பரம் எல்லாம் அப்படியே இருக்கும். முன்னிலை எண் மட்டும் தானாக மாறும். கிரிக்கெட் ஸ்கோரும் இப்படித்தான். விண்ணப்பத்தில் 'தமிழ்நாடு' என்று தேர்வு செய்ததும் கீழே 38 மாவட்டங்களின் பட்டியல் வந்து நிற்பதும் பெரும்பாலும் இதே வேலைதான்.

நகரியமும் வெப் பக்கமும்

நெய்வேலி நகரியம் வட்டம் வட்டமாகப் பிரிக்கப்பட்ட ஊர். ஒவ்வொரு வட்டத்துக்கும் ஓர் எண் உண்டு. ஒரு வட்டத்தில் குடிநீர்க் குழாயை மாற்ற வேண்டுமென்றால் மொத்த நகரியத்தையும் யாரும் இடித்துக் கட்டுவதில்லை. அந்த வட்டத்தில் மட்டும் வேலை நடக்கும். மற்ற இடங்களில் வாழ்க்கை வழக்கம்போல ஓடும்.

வெப் பக்கமும் அப்படித்தான். பக்கம் முதல்முறை திறக்கும்போது பிரவுசர் அதைப் பல பகுதிகளாகப் பிரித்து நினைவில் வைத்துக்கொள்ளும். பகுதிகளுக்கு அடையாளப் பெயரும் கொடுக்கலாம். பிறகு, பக்கத்தில் இருக்கும் ஜாவாஸ்கிரிப்ட் பின்னணியில் சர்வரிடம் "புதுசா ஏதாவது இருக்கா?" என்று கேட்கும். சர்வர் முழுப் பக்கத்தையும் திருப்பி அனுப்பாமல், சுற்று, வேட்பாளர், வாக்கு என்று சில வரித் தகவலை மட்டும் அனுப்பும். ஜாவாஸ்கிரிப்ட் அதை உரிய இடத்தில் வைத்துவிடும். டேட்டா மிச்சம், நேரமும் மிச்சம். படித்துக்கொண்டிருந்த இடமும் நகராது.

யார் கண்டுபிடித்தது?

இதன் தொடக்கம் மெயிலில். அவுட்லுக் மெயிலை பிரவுசரிலேயே பார்க்க மைக்ரோசாஃப்ட் உருவாக்கிய வசதி, 1999-இல் இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5-உடன் வந்தது. சில வருடங்கள் பெரிதாக யாரும் கண்டுகொள்ளவில்லை. 2004-இல் ஜிமெயில், 2005-இல் கூகுள் மேப்ஸ் வந்த பிறகுதான் இதன் பலம் புரிந்தது. மேப்பை இழுக்க இழுக்க, தேவையான துண்டு மட்டும் வந்து ஒட்டிக்கொண்டது. 2005 பிப்ரவரியில் ஜெஸ்ஸி ஜேம்ஸ் கேரட் என்ற வடிவமைப்பாளர் இந்த முறைக்கு 'அஜாக்ஸ்' என்று பெயர் வைத்தார். இன்று சர்வரே தகவலைத் தள்ளிவிடும் வெப்சாக்கெட் போன்ற வழிகளும் உண்டு.

எங்கே ஏமாறலாம்?

முழுப் பக்கமும் லோடு ஆகவில்லை என்றால் உடனே தெரிந்துவிடும். வெள்ளைத் திரை, இல்லாவிட்டால் எரர். ஆனால் பின்னணியில் கேட்கும் வேலை மட்டும் நின்றுபோனால் பக்கம் பார்க்க நன்றாகவே இருக்கும். உள்ளே இருக்கும் எண் மட்டும் பழசு. சிக்னல் விட்டுவிட்டு வரும் இடங்களில் இது சகஜம். 977 வாக்குகளில் முடியும் போட்டியில், ஒரு சுற்று பழைய எண்ணே யார் முன்னிலை என்பதை மாற்றிக் காட்டிவிடலாம். அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து ஸ்டேட்டஸில் போட்டால் வதந்தி ரெடி.

இதைவிடப் பெரிய சிக்கல் பணம் கட்டும் பக்கத்தில். கியூஆர் கோடு காட்டிவிட்டு 'காத்திருக்கவும், ரிஃப்ரெஷ் செய்ய வேண்டாம்' என்று நிற்கும் பக்கம், பணம் வந்ததா என்று பின்னணியில் கேட்டுக்கொண்டிருக்கும். நடுவில் ரிஃப்ரெஷ் செய்தால் அந்தத் தொடர்பு அறுந்து போகலாம். பணம் போயிருக்கும், பக்கத்துக்குத் தெரியாது.

என்ன செய்யலாம்?

* எண்ணைப் பார்க்கும் முன் 'கடைசியாகப் புதுப்பிக்கப்பட்ட நேரம்' பாருங்கள். அது நகரவில்லை என்றால் அப்போதுதான் ரிஃப்ரெஷ் தேவை.

* பாதி நிரப்பிய விண்ணப்பத்தில் ரிஃப்ரெஷ் வேண்டாம். சேமிக்கும் வசதி இல்லாவிட்டால் எழுதியது எல்லாம் போய்விடும்.

* பணம் கட்டும் பக்கம் உறைந்து நின்றால், மறுபடி கட்டும் முன் யுபிஐ ஆப்பிலோ வங்கிக் கணக்கிலோ பணம் கழிந்திருக்கிறதா என்று பாருங்கள்.

* யுபிஐயில் பணம் கழிந்தும் கடைக்காரருக்கு உறுதி போகவில்லை என்றால், பரிவர்த்தனை நாளிலிருந்து 5 நாட்களுக்குள் அது தானாகத் திரும்ப வேண்டும். தாமதமானால் நாளொன்றுக்கு 100 ரூபாய் இழப்பீடு. இது ரிசர்வ் வங்கி 2019 செப்டம்பரில் வெளியிட்ட விதி.

பக்கம் திறந்திருக்கிறது என்பதற்காக அதில் உள்ள எண்ணும் புதிது என்று அர்த்தமில்லை. ஃபார்வர்டு செய்யும் முன் நேரத்தை ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது.