தங்கவயல் காத்த ‘தமிழன்’

அரசு ஓர் எழுத்தை ஒடுக்கும்போது தடையாணையும் வழக்கும் பறிமுதல் குறிப்பும் சான்றாக எஞ்சுகின்றன. சமூகப் புறக்கணிப்போ தடயம் வைப்பதில்லை. 1908இல் சென்னையின் ‘இந்தியா’ வார இதழ் மீது ராஜத்துரோக வழக்குப் பாய்ந்து, பாரதி புதுச்சேரிக்குப் பெயர நேர்ந்தது. அதே சென்னையின் இராயப்பேட்டையில் அயோத்திதாசப் பண்டிதர் (1845–1914) நடத்திய ‘தமிழன்’ இதழோ, சாதிக்கொடுமை நீங்காத சுதேசியத்தை ஏற்க மறுத்து ஆங்கில ஆட்சியை ஆதரித்ததால், அரசின் சினத்துக்கு ஆளாகவில்லை. அதன்மேல் மௌனம் வேறு திசையிலிருந்து கவிந்தது.

1907 ஜூன் 19, புதன்கிழமையன்று ‘ஒரு பைசாத் தமிழன்’ என்னும் பெயரில் நான்கு பக்கங்களுடன் தொடங்கிய அவ்விதழில், தீண்டாதார் எனத் தள்ளப்பட்டோர் பூர்வ பௌத்தர், அதாவது இந்நாட்டின் பழைய பௌத்தக் குடிகள், என்பதைப் பண்டிதர் ‘இந்திரர் தேச சரித்திரம்’ என்ற தொடரில் நிறுவ முயன்றார். அவருடைய எல்லா முடிபுகளையும் இன்றைய ஆய்வு ஏற்காவிடினும், ஒடுக்கப்பட்டோர் தம் வரலாற்றைத் தாமே எழுதத் துணிந்த பெருமுயற்சி அது.

அவர் மறைந்தபின் அவ்வெழுத்தைத் தாங்கிய ஊர்களுள் முதன்மையானது கோலார் தங்கவயல். ஜான் டெய்லர் கம்பெனியின் சுரங்கங்களுக்கு வடார்க்காட்டிலிருந்து பிழைக்க வந்து, ‘லைன்’ எனப்பட்ட வரிசை வீடுகளில் குடியிருந்த தொழிலாளர் பலர், அங்குள்ள மாரிக்குப்பத்தில் பண்டிதரின் சாக்கிய பௌத்த சங்கத்தின் கிளையை வளர்த்தனர். 1926இல் ஜி. அப்பாதுரையார் ‘தமிழன்’ இதழைத் தங்கவயலிலிருந்தே மீண்டும் வெளியிடத் தொடங்கினார். தங்கவயலின் சாம்பியன் ரீஃப் பகுதியிலிருந்த சித்தார்த்த புத்தகசாலை பண்டிதரின் நூல்களை மறுபடியும் அச்சிட்டது. பாறைக்கடியில் உயிரைப் பணயம் வைத்து ஈட்டிய கூலியே அந்த அச்செழுத்துக்கு ஆதாரமாக நின்றது.

எழுத்தை வாசகர் இப்படிக் காத்தது வேறிடத்தும் உண்டு. ஸ்டாலின் ஆட்சியில் ரஷ்யக் கவிஞர் அன்னா அக்மதோவா எழுதி வைக்கவும் அஞ்சிய ‘ரெக்வியம்’ கவிதையை அவருடைய நெருங்கிய தோழியர் மனப்பாடமாகக் காத்தனர். அது சோவியத் மண்ணில் முழுமையாக அச்சேற 1987 ஆயிற்று. அங்கே தடுத்தது அரசு, இங்கே மறைத்தது சாதிச் சமூகம். ஆயினும் இரண்டிடத்தும் எழுத்தைக் காத்தவர் வாசகரே. தமிழ் இதழியல் வரலாறுகள் சென்னையையும் புதுச்சேரியையும் விரித்துரைத்துச் சாம்பியன் ரீஃபை எளிதாகக் கடந்துவிடுவது பெரும் குறையாகும்.

அன்பு பொன்னோவியம் போன்றோர் பேணிய பழைய இதழ்களின் துணையோடு, ஞான. அலாய்சியஸ் தொகுத்த ‘அயோத்திதாசர் சிந்தனைகள்’ 1999இல் பாளையங்கோட்டையிலிருந்து வெளிவந்து, ராஜ் கௌதமன், டி. தருமராஜ் முதலியோரின் ஆய்வுகளுக்கு வழிதிறந்தது. அவ்வெழுத்தைத் தாங்கிய தங்கவயலின் சுரங்கமோ 2001இல் மூடப்பட்டது.