கேமிங் குரூப் ஆரம்பிக்கப் போறீங்களா? கிளான் உடையாம நடத்துவது எப்படி.. என்ட்ரி ஃபீஸ் வாங்கினா என்ன சிக்கல்? முழு விளக்கம்

நல்லா விளையாடுற பத்து பேரைச் சேர்த்தாச்சு. வாட்ஸ்அப்பில் குரூப் போட்டாச்சு. பெயர், லோகோ எல்லாம் ரெடி. முதல் வாரம் தினமும் மேட்ச். இரண்டாவது வாரம் பாதி பேரைக் காணோம். மூன்றாவது வாரம் குரூப்பில் 'குட் மார்னிங்' படங்கள் மட்டும்தான் வருகின்றன.

ஆன்லைன் கேமிங் குரூப் ஆரம்பித்த பலருக்கும் இது பழக்கமான கதைதான். ஆட்டத்தில் தோற்றதால் உடையும் குரூப்கள் குறைவு. யார் எப்போது வருவது, யாருக்கு வாய்ப்பு, கிடைத்த பரிசு யாருக்கு, முடிவெடுப்பது யார் என்ற நான்கு கேள்விகளுக்கும் முன்கூட்டியே பதில் சொல்லி வைக்காததால் உடையும் குரூப்கள்தான் அதிகம். இதில் பணமும் நுழைந்துவிட்டால் நட்பு கெடுவதோடு சட்டச் சிக்கலும் வரலாம்.

அப்படியென்றால் ஒரு கேமிங் குரூப்பை எப்படித் தொடங்குவது, எப்படி நடத்துவது? ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

ஸ்குவாட், கிளான், கில்டு.. என்ன வித்தியாசம்?

ஒரே மேட்ச்சில் சேர்ந்து இறங்கும் சின்ன அணிதான் ஸ்குவாட். பிஜிஎம்ஐ-யில் ஒரு ஸ்குவாட்டுக்கு 4 பேர். மேட்ச் முடிந்தால் கலைந்துவிடலாம்.

கிளான், கில்டு என்பவை நிரந்தரமான குழுக்கள். கேமுக்குக் கேம் பெயர் மாறும், விஷயம் ஒன்றுதான். கிளாஷ் ஆஃப் கிளான்ஸில் 'கிளான்', ஃப்ரீ ஃபயரில் 'கில்டு'. இன்று விளையாடாவிட்டாலும் நாளை நீங்கள் அந்தக் குழுவின் உறுப்பினர்தான்.

ஸ்குவாட்டை நடத்த நண்பர்கள் இருந்தால் போதும். கிளானை நடத்த நிர்வாகம் வேண்டும். பலரும் சறுக்குவது இந்த இடத்தில்தான்.

முதல் கேள்வி: ஜாலிக்கா, ஜெயிக்கவா?

ஆள் சேர்க்கும் முன் இதை முடிவு செய்துவிடுங்கள். வேலை முடிந்து வந்து அரை மணி நேரம் சிரித்துப் பேசி விளையாட நினைப்பவரும், தினமும் ரேங்க் ஏற வேண்டும் என்று நினைப்பவரும் ஒரே குரூப்பில் இருந்தால் இரண்டு பேருக்குமே எரிச்சல்தான். ஒருவருக்கு இன்னொருவர் 'சீரியஸ் இல்லாத ஆள்'. அவருக்கு இவர் 'ஓவரா பண்ற ஆள்'.

இரண்டில் எதுவும் தப்பில்லை. ஆனால் எது என்று குரூப் விவரத்தில் ஒரே வரியில் எழுதி வைத்தால், பொருந்தாதவர்கள் தாங்களாகவே வேறு குரூப் பார்த்துக்கொள்வார்கள்.

அதிக ஆட்கள் இருந்தால் நல்லதா?

இதற்கு கேமிங் வரலாற்றிலேயே பதில் இருக்கிறது. 2004ல் வெளியான 'வேர்ல்டு ஆஃப் வார்கிராஃப்ட்' கேமில், ஆரம்ப காலத்தின் பெரிய சவால்களை முடிக்க 40 பேர் ஒரே நேரத்தில் ஆன்லைனில் இருக்க வேண்டும். அந்த 40 பேரைத் தேடிப் பிடித்து உட்கார வைப்பதே கில்டு தலைவர்களுக்குப் பெரும் பாடாக இருந்தது. 2007ல் வந்த அடுத்த பாகத்தில் பெரிய சவால்களுக்கான எண்ணிக்கை 25 ஆகக் குறைக்கப்பட்டது.

இதிலிருந்து நமக்கு என்ன தெரிகிறது? கேம் எத்தனை பேரைக் கேட்கிறதோ, அதைவிடக் கொஞ்சம் அதிகமாக வைத்துக்கொண்டால் போதும். 4 பேர் ஆடும் ஸ்குவாட்டுக்கு 6 முதல் 8 பேர் சரியாக இருக்கும். ஒருவருக்குக் காய்ச்சல், இன்னொருவருக்கு நைட் ஷிஃப்ட் என்றாலும் மேட்ச் நடக்கும். அதே ஸ்குவாட்டுக்கு 30 பேரைச் சேர்த்தால், 26 பேர் சும்மா உட்கார்ந்து வேடிக்கை பார்க்க வேண்டியதுதான்.

யார் தல, யாருக்கு என்ன அதிகாரம்?

கிளாஷ் ஆஃப் கிளான்ஸை எடுத்துக்கொள்வோம். பின்லாந்தைச் சேர்ந்த சூப்பர்செல் நிறுவனம் 2012ல் வெளியிட்ட இந்த கேமில் ஒரு கிளானில் அதிகபட்சம் 50 பேர். லீடர், கோ-லீடர், எல்டர், மெம்பர் என நான்கு படிகள்.

புதிதாகக் கிளான் தொடங்குபவர்கள் உற்சாகத்தில் பத்து பேருக்கு கோ-லீடர் பதவி கொடுத்துவிடுவார்கள். கோ-லீடரால் கிளான் வார் தொடங்க முடியும், மற்ற உறுப்பினர்களை வெளியேற்றவும் முடியும். கோபத்தில் ஒரு கோ-லீடர் வரிசையாக ஆட்களை நீக்கிவிட்டுப் போனால், மாதக்கணக்கில் சேர்த்த கிளான் சில நிமிடங்களில் காலி.

அதனால் நீக்கும் அதிகாரம் இரண்டு அல்லது மூன்று பேரிடம் மட்டும் இருக்கட்டும். பதவி கொடுக்கும்போது நட்பைப் பார்க்காமல், ஒன்றிரண்டு மாதம் அவர் எப்படி நடந்துகொள்கிறார் என்று பாருங்கள். லீடர் தேர்வுக்குப் படிக்கவோ வேலை மாறவோ போகிறார் என்றால், பொறுப்பை யாரிடம் ஒப்படைப்பது என்பதும் முன்பே முடிவாகி இருக்க வேண்டும். லீடர் சொல்லாமல் மறைந்து போனால், மீதி இருப்பவர்கள் கையைப் பிசைந்துகொண்டு நிற்க வேண்டியதுதான்.

'நைட் வரேன்' என்றால் எத்தனை மணி?

குரூப்பில் வரும் பாதிச் சண்டைக்கு இந்த 'நைட் வரேன்' தான் காரணம். ஒருவருக்கு நைட் என்றால் 8 மணி. இன்னொருவருக்கு 12 மணி.

வாரத்தில் இரண்டு அல்லது மூன்று நாள், குறிப்பிட்ட நேரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். தினமும் என்று வைத்தால் யாராலும் தொடர முடியாது. 'செவ்வாய், சனி இரவு 9 முதல் 10.30 வரை' என்று தொடங்கும் நேரத்தோடு முடியும் நேரத்தையும் சேர்த்துச் சொல்லுங்கள். மறுநாள் கல்லூரியோ வேலையோ இருப்பவர்களுக்கு முடியும் நேரம்தான் முக்கியம்.

வெளிநாட்டு நண்பர்கள் இருந்தால் இன்னும் கவனம் தேவை. சென்னையில் இரவு 9 மணி என்றால் துபாயில் மாலை 7.30, சிங்கப்பூரில் இரவு 11.30. துபாய்க்காரர் அப்போதுதான் வேலை முடிந்து வந்திருப்பார். சிங்கப்பூர்க்காரர் தூங்கப் போகும் நேரம். இந்தக் கணக்கைப் போடாமல் 'நீ ஏன் வரலை' என்று கேட்பது நியாயம் இல்லை.

வர முடியாதவர் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும் என்பதும் விதியாக இருக்கட்டும். கிளாஷ் ஆஃப் கிளான்ஸில் 'இந்த வாரில் நான் இருக்கிறேன், இல்லை' என்று காட்ட தனியாக ஒரு பட்டனே இருக்கிறது. மற்ற கேம்களில் வாட்ஸ்அப் போல் போட்டாலே போதும்.

பரிசு யாருக்கு? பழைய சண்டை, பழைய தீர்வு

பத்து பேர் உழைத்து ஜெயித்தால் ஒரே ஒரு நல்ல பொருள் கிடைக்கிறது. அதை யாருக்குக் கொடுப்பது? 1999ல் வெளியான 'எவர்குவெஸ்ட்' கேமிலேயே இந்தச் சண்டை இருந்தது. அதற்கு விளையாடியவர்களே ஒரு வழி கண்டுபிடித்தார்கள். ஒவ்வொரு முறை வந்து கலந்துகொண்டால் இத்தனை பாயின்ட், பொருள் வேண்டுமென்றால் அந்தப் பாயின்ட்டைச் செலவழிக்க வேண்டும். பெரிய டிராகன்களைக் கொல்வதற்காகத் தொடங்கிய முறை என்பதால் 'டிராகன் கில் பாயின்ட்ஸ்' என்று பெயர் வந்தது. பின்னர் வேர்ல்டு ஆஃப் வார்கிராஃப்ட் கில்டுகளும் இதைப் பின்பற்றின.

இன்றைக்கும் அதே பிரச்சினைதான். கிளாஷ் ஆஃப் கிளான்ஸின் வார் லீக் முடிந்ததும், போனஸ் மெடல் யாருக்கு என்பதைக் கிளான் நிர்வாகம்தான் தேர்வு செய்ய வேண்டும். 'அவன் உன் ஃப்ரெண்ட்னு கொடுத்துட்ட' என்ற பேச்சு கிளம்புவது இங்கேதான்.

அதிக ஸ்டார் எடுத்தவருக்கா, ஒரு அட்டாக்கையும் தவறவிடாதவருக்கா, இதுவரை வாங்காதவருக்கா என்று லீக் தொடங்கும் முன்பே சொல்லிவிடுங்கள். எந்த முறை என்பதைவிட, அது எல்லோருக்கும் முன்பே தெரிந்திருப்பதுதான் முக்கியம்.

எங்கே பேசுவது? கேமுக்கு வெளியே ஒரு இடம் வேண்டும்

கேமுக்குள் இருக்கும் சாட் மட்டும் போதுமா? போதாது. 2020 செப்டம்பர் 2ஆம் தேதி மத்திய அரசு பப்ஜி மொபைலைத் தடை செய்தது. 2022 பிப்ரவரியில் ஃப்ரீ ஃபயர் தடை பட்டியலில் சேர்ந்தது. 2022 ஜூலையில் பிஜிஎம்ஐ ஆப் ஸ்டோர்களில் இருந்து நீக்கப்பட்டு, 2023 மே மாதம்தான் திரும்பி வந்தது. கேம் மூடப்பட்டால் அதற்குள் மட்டும் இருக்கும் தொடர்பும் அதோடு போய்விடும்.

வாட்ஸ்அப் எளிது, எல்லோரிடமும் இருக்கிறது. ஆனால் சாதாரண குரூப்பில் உங்கள் செல்போன் எண் மற்ற எல்லோருக்கும் தெரியும். பள்ளி, கல்லூரி நண்பர்கள் மட்டும் என்றால் பரவாயில்லை. முன்பின் தெரியாதவர்கள் சேரும் குழுவுக்கு, குறிப்பாகப் பெண்கள் இருக்கும் குழுவுக்கு, இது சரிவராது.

2015ல் கேம் விளையாடுபவர்களை மனதில் வைத்து வந்த டிஸ்கார்டில் போன் நம்பரை யாருக்கும் காட்டாமல் பேசலாம். அறிவிப்புக்கு ஒரு சேனல், அரட்டைக்கு ஒன்று, மேட்ச் நேரத்தில் பேச வாய்ஸ் சேனல் என்று பிரித்துக்கொள்ளலாம். ஆனால் 13 வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்கு அங்கே அனுமதி இல்லை.

என்ட்ரி ஃபீஸ் வாங்கலாமா? இங்கேதான் உஷார்!

குரூப் கொஞ்சம் வளர்ந்ததும் பலருக்கும் வரும் யோசனை இது. '100 பேர் கஸ்டம் ரூம் போடுவோம். 25 டீம். டீமுக்கு 100 ரூபாய். வசூல் 2,500. ஜெயிக்கிற டீமுக்கு 1,500, மீதி நமக்கு.' கேட்க சின்ன விஷயம் போலத் தெரியும். ஆனால் சட்டம் வேறு மாதிரிப் பார்க்கிறது.

ஆன்லைன் கேமிங் ஊக்குவிப்பு மற்றும் ஒழுங்குமுறைச் சட்டம் 2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றத்தில் நிறைவேறி, ஆகஸ்ட் 22ஆம் தேதி குடியரசுத் தலைவரின் ஒப்புதலைப் பெற்றது. பணம் கட்டி, பதிலுக்குப் பணமோ வேறு ஆதாயமோ கிடைக்கும் என்று எதிர்பார்த்து விளையாடும் ஆன்லைன் கேம்தான் இதன்படி 'ஆன்லைன் பண விளையாட்டு'. அது திறமையால் ஜெயிப்பதா, அதிர்ஷ்டத்தால் ஜெயிப்பதா என்ற வித்தியாசமே கிடையாது. 'எங்களது ஸ்கில் கேம்' என்று சொல்லித் தப்பிக்க முடியாது.

பண விளையாட்டை நடத்துபவர்களுக்கு 3 ஆண்டு வரை சிறை, 1 கோடி ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். விளம்பரம் செய்தால் 2 ஆண்டு வரை சிறை, 50 லட்சம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். விளையாடுபவர்களுக்கு இந்தச் சட்டத்தில் தண்டனை இல்லை. நடத்துபவர்தான் மாட்டுவார்.

அப்போ இ-ஸ்போர்ட்ஸ் போட்டிகளில் கட்டணம் வாங்குகிறார்களே? இ-ஸ்போர்ட்ஸுக்குச் சட்டத்தில் விலக்கு உண்டு. போட்டியில் சேரவும் நிர்வாகச் செலவுக்கும் மட்டும் கட்டணம் வாங்கலாம், திறமைக்குப் பரிசும் கொடுக்கலாம். ஆனால் அது முறைப்படி அங்கீகாரமும் பதிவும் பெற்றதாக இருக்க வேண்டும், அதில் பந்தயம் கட்டக் கூடாது. வாட்ஸ்அப் குரூப்பில் கியூஆர் கோடு போட்டு வசூல் செய்வது தானாக இ-ஸ்போர்ட்ஸ் ஆகிவிடாது.

டோர்னமென்ட் ஆசை இருந்தால் கட்டணமே இல்லாமல் நடத்துங்கள். ஜெயித்த அணியின் படத்தை ஒரு வாரம் குரூப் டிபியாக வையுங்கள். அதற்கே கடுமையான போட்டி இருக்கும்!

ஐடி, பாஸ்வேர்டு, ஓடிபி

'உன் ஐடி கொடு, நான் ரேங்க் ஏத்தித் தரேன்' என்று கிளான் தலைவரே கேட்டாலும் கொடுக்காதீர்கள். ஐடியை விற்பதும் வாங்குவதும் சூப்பர்செல் போன்ற நிறுவனங்களின் விதிகளுக்கு எதிரானது, கணக்கே முடக்கப்படலாம். 'இலவச டைமண்ட்', 'ஃப்ரீ யூசி' என்று குரூப்பில் லிங்க் வந்தால் அதைத் தொடாமல் உடனே நீக்கிவிடுங்கள்.

பணம் பறிபோனால் தாமதிக்காமல் 1930 என்ற எண்ணை அழையுங்கள். மத்திய அரசின் தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்திலும் புகார் கொடுக்கலாம்.

குரூப்பில் சின்னப் பசங்க இருக்காங்களா?

18 வயதுக்குக் கீழ் உள்ளவர்கள் இருந்தால் நடத்துபவரின் பொறுப்பு இரு மடங்கு. பெரியவர்கள் அவர்களுக்குத் தனியாக மெசேஜ் அனுப்பக் கூடாது, படம், முகவரி, பள்ளியின் பெயர் கேட்கக் கூடாது என்று விதி வையுங்கள். மீறினால் எச்சரிக்கை கிடையாது, நேராக வெளியேற்றம்தான். குழந்தைக்கு ஆபத்து என்று தோன்றினால் 1098 உதவி எண்ணை அழைக்கலாம்.

பெற்றோர்களே, போனைப் பிடுங்கும் முன் ஒன்று கேளுங்கள்: 'உன் கிளான்ல யார் யார் இருக்காங்க? எத்தனை மணிக்கு மேட்ச் முடியும்? யாராவது காசு கேட்டாங்களா?' பதில் தெளிவாக வந்தால் பாதிக் கவலை தீர்ந்தது. மழுப்பினால் உட்கார்ந்து பேச வேண்டிய நேரம் வந்துவிட்டது.

பின் பண்ணி வைக்க வேண்டிய 7 வரிகள்

1. இது ஜாலி குரூப்பா, போட்டி குரூப்பா?
2. விளையாடும் நாள், தொடங்கும் நேரம், முடியும் நேரம்.
3. வர முடியாவிட்டால் எத்தனை மணி நேரம் முன்பு சொல்ல வேண்டும்?
4. யார் நிர்வாகிகள்? அவர்கள் இல்லாவிட்டால் யார்?
5. வாய்ப்பும் பரிசும் எப்படிப் பிரிக்கப்படும்?
6. சாதி, மதம், பெண்கள் பற்றிய கேலி, கெட்ட வார்த்தை கூடாது. முதல் முறை எச்சரிக்கை, அடுத்த முறை வெளியேற்றம்.
7. யாரும் யாரிடமும் பணமோ, பாஸ்வேர்டோ கேட்கக் கூடாது.

இதை எழுதப் பத்து நிமிடம் போதும். முதல் மேட்ச்சுக்கு முன்பே எழுதிவிடுங்கள். சண்டை வந்த பிறகு எழுதினால், யாரோ ஒருவரைக் குறிவைத்து எழுதியது போலத்தான் தெரியும்.